ஹெந்தளையின் சுவர்கள்: இலங்கைத் திரைப்படக் கலை நிர்மாணத் தொழிலின் வளர்ச்சியும் வீழ்ச்சியும்

களனி கங்கை சமுத்திரத்தோடு கலக்கும் முகத்துவாரத்துக்கு வடக்கே, வத்தளையை அடுத்து, ஒருபுறம் கடல் முழங்க, ஊடே ஆங்கிலேயர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வெட்டிய ஹமில்டன் வாய்க்கால் அமைதியாக ஓட, தென்னந்தோப்புகளுக்கும் மீனவர் குடியிருப்புகளுக்கும் நடுவே அமைந்த ஹெந்தளை என்னும் ஊர், பழைய சரித்திர ஆசிரியர்களுக்குப் பெரும்பாலும் ஒல்லாந்தர் 1708ஆம் ஆண்டில் அங்கே நிறுவிய குஷ்டரோக வைத்தியசாலையின் பொருட்டே தெரிந்திருந்தது. இருபதாம் நூற்றாண்டில் அவ்வூருக்கு வேறொரு கீர்த்தியும் வந்து சேர்ந்தது. திரைப்பட வர்த்தகத்தில் இலங்கையிலே முதல் வரிசையில் நின்ற கே. குணரத்தினம் என்னும் தமிழர் தமது விஜயா ஸ்டூடியோவை அங்கே நிறுவியதனால், கொட்டாஞ்சேனையிலிருந்து விக்டோரியாப் பாலத்தைக் கடந்து சற்றுத் தூரம் சென்றால் போதும், அரண்மனைகளும் நீதிமன்றங்களும் செல்வந்தர் மாளிகைகளும் வாரத்துக்கு ஒன்றாக எழும்பி வாரத்துக்கு ஒன்றாக மறையும் ஒரு விசித்திரமான நகரத்தைக் காணலாம் என்னும் நிலைமை ஏற்பட்டது.

அந்நகரத்தைச் சிருஷ்டித்தவர்களின் தொழிலே இக்கட்டுரையின் விஷயம். நடிகரின் சரித்திரத்தையும் இயக்குநரின் சரித்திரத்தையும் எழுதுவோர் பலர். பாடகரைப் பற்றி எழுதுவோர் அவர்களிலும் பலர். படத்தில் நடிகருக்குப் பின்னால் நின்ற சுவரை எழுப்பியவன் யார், அவன் அத்தொழிலை எங்கே கற்றான், எவ்வளவு காலம் அதைக் கொண்டு ஜீவித்தான் என்னும் கேள்விகளை எழுப்புவோர் அரியர். இலங்கையைப் பொறுத்தவரை இக்கேள்விகளுக்கு விடை தேடப் புகும்போது ஒரு விஷயம் தெளிவாகப் புலப்படுகின்றது: திரைப்படக் கலை இயக்குநரின் தொழில் வாழ்க்கையை நிர்ணயித்தது அவருடைய கைத்திறனைக் காட்டிலும் அவர் நின்று வேலை செய்த தளமேயாகும். தளம் மதுரையில் இருந்தபோது தொழில் ஒரு விதமாகவும், ஹெந்தளைக்கு வந்தபோது வேறொரு விதமாகவும், தளமே இல்லாமற்போனபின் முற்றிலும் மூன்றாவது விதமாகவும் அது மாறிற்று.

பூர்வ கதையை நாடக மேடையிலிருந்து தொடங்குவதே முறை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்கூற்றில் பம்பாயிலிருந்து இலங்கைக்கு வந்த பார்சி நாடகக் கம்பெனிகள், பாட்டையும் உடையையும் மாத்திரமன்றி, சுருட்டி இறக்கும் வர்ணத் திரைகளையும் உடன் கொண்டுவந்தன. அதுவரை வட்டக்களரியிலும் திறந்த வெளியிலும் கூத்தைப் பார்த்துப் பழகிய சனங்களுக்கு, ஒரு விசில் சத்தத்தில் அரண்மனை மறைந்து ஆரணியம் தோன்றுவது பெரும் ஆச்சரியமாக இருந்தது. இவ்வழியைப் பின்பற்றியே ஜோன் டி சில்வா முதலியோரின் நூர்த்தி நாடகங்கள் சிங்கள மேடையில் தோன்றின. 1911ஆம் ஆண்டில் மருதானையில் திறக்கப்பட்ட டவர் மண்டபம் அந்த மேடைக்கு நிலையான வாசஸ்தலமாயிற்று. தமிழ்ப் பகுதியிலே, தென்னிந்தியாவிலிருந்து வந்த ஸ்பெஷல் நாடகக் குழுக்கள் யாழ்ப்பாணத்துக் கொட்டகைகளிலும் கொழும்பிலும் இதே திரைகளைத் தூக்கின. பம்மல் சம்பந்த முதலியாரைக் குருவாகக் கொண்டு, சுபோத விலாச சபையின் மூலம் புதுவகை நாடகத்தை ஈழத்தில் வளர்த்த கலையரசு சொர்ணலிங்கம் போன்றோர், நடிப்பில் எத்துணைச் சீர்திருத்தம் செய்தபோதிலும், சீன் என்று வழங்கிய அத்திரைகளின் ஆட்சி எளிதில் குறைந்துவிடவில்லை. ஒரு கம்பெனியிடம் எத்தனை சீன் இருக்கின்றது என்பதே அதன் செல்வாக்குக்கு அளவுகோலாக இருந்த காலம் அது.

இங்கே ஒன்றைக் கவனித்தல் வேண்டும். சீன் எழுதுகிறவன் குறிப்பிட்ட ஒரு நாடகத்துக்காக எழுதுவதில்லை. தர்பார், தெரு, காடு, சிறைச்சாலை, பூஞ்சோலை என்னும் ஐந்தாறு இடங்களை அவன் எழுதிக் கொடுத்துவிட்டால், அரிச்சந்திரனும் கோவலனும் மாறிமாறி அவற்றின் முன்னே நின்று பாடிவிட்டுப் போவார்கள். இடம் என்பது கதைக்குரியதன்று, கொட்டகைக்குரியது என்னும் இந்தச் சம்பிரதாயம் திரைப்படத்துக்குள்ளும் புகுந்து நெடுங்காலம் நிலைபெற்றது.

1947ஆம் ஆண்டு ஜனவரி 21ஆம் திகதி கொழும்பு கிங்ஸ்லி படமாளிகையில் திரையிடப்பட்ட 'கடவுனு பொரொந்துவ' என்னும் முதலாவது சிங்களப் பேசும்படம், நீர்கொழும்பு மினர்வா நாடகக் குழுவின் மேடை நாடகத்திலிருந்து பிறந்தது; அதன் தயாரிப்பாளர் எஸ். எம். நாயகம் தமிழர், அதை இயக்கிய ஜோதிஷ் சின்ஹா வங்காளத்தவர், படம் பிடிக்கப்பட்டதோ மதுரைச் சித்ரகலா மூவிடோன் ஸ்டூடியோவில். கதாநாயகி ருக்மணி தேவி கொழும்புச் செட்டி குலத்தில் பிறந்தவர். இத்தனை பேரும் ஒன்றுகூடிச் செய்த அப்படத்தில் இலங்கையைச் சேர்ந்தவை நடிகரும் பாஷையும். இந்தியாவைச் சேர்ந்தவை காமெராவும் விளக்கும் சுவரும். அதைத் தொடர்ந்து ஏறக்குறைய பத்தாண்டு காலம், சிங்களப் படக் குழுவினர் கப்பலேறித் தலைமன்னார் வழியாகத் தமிழ்நாட்டுக்குப் போய், மதுரையிலும் சேலத்திலும் கோயம்புத்தூரிலும் சென்னையிலும் தளங்களை வாடகைக்கு எடுத்துப் படத்தை முடித்துக்கொண்டு திரும்புவது வழக்கமாயிற்று. வாடகையோடு தளத்திலிருந்த தச்சரும் வர்ணக்காரரும் சாந்து வார்ப்பவரும் சேர்ந்தே கிடைத்தனர். கண்டிப் பிரபுவின் மாளிகையைக் கட்டச் சொன்னபோது, அதற்கு முந்தின வாரம் தஞ்சாவூர் மிராசுதாரின் வீடாக நின்றதையே அவர்கள் வர்ணம் மாற்றிக் கொடுத்தார்களானால் அவர்களைக் குறை கூறுவதற்கில்லை. அவர்கள் கண்டியைக் கண்டதில்லை.

தென்னிந்தியத் தளங்களிலே கலை நிர்மாணம் அக்காலத்தில் எய்தியிருந்த உன்னதத்தையும் நாம் மறந்துவிடலாகாது. 1948ஆம் ஆண்டில் ஜெமினி ஸ்டூடியோ வெளியிட்ட 'சந்திரலேகா'வின் முரசு நடனத்துக்காக ஏ. கே. சேகர் அமைத்த தளம் இந்தியா முழுவதும் பேசப்பட்டது. வரிசை வரிசையாக நின்ற பிரம்மாண்டமான முரசுகளின்மேல் ஆடிய நர்த்தகியரும், அவற்றினுள்ளிருந்து வெளிப்பட்ட போர்வீரரும், காட்சி அமைப்பு கதைக்கு வெறும் பின்னணியாக மாத்திரமன்றிக் கதையின் திருப்பமாகவே அமையக்கூடும் என்பதை நிரூபித்தனர். 1957ஆம் ஆண்டின் 'மாயாபஜா'ரில் மா. கோகலேயும் கலாதரும் ஒரு மாய நகரத்தையே எழுப்பினர். அமெரிக்காவிலே இதற்கு முன்னரே, 1939ஆம் ஆண்டில், 'கான் வித் த விண்ட்' என்னும் படத்துக்கு வில்லியம் கேமரன் மென்ஸீஸ் செய்த பணியை வெறும் கலை இயக்கம் என்று சொல்லுதல் போதாது என்று கருதிய தயாரிப்பாளர் செல்ஸ்னிக், அவருக்குப் புரொடக்ஷன் டிசைனர் என்னும் புதிய பட்டத்தைச் சூட்டினார். ஒரு சட்டகத்தில் எது எங்கே எந்த நிறத்தில் நிற்க வேண்டும் என்பதை முதலிலிருந்து கடைசிவரை ஒரே மனம் தீர்மானிக்க வேண்டும் என்பதே அப்பட்டத்தின் தாத்பரியம். சென்னையில் சேகர் போன்றோர் அப்பட்டம் இல்லாமலே அவ்வேலையைச் செய்தனர். தளத்தை மாத்திரம் வாடகைக்கு எடுத்த கொழும்புத் தயாரிப்பாளருக்கோ, அத்தகைய ஒருவரின் மனத்தையும் சேர்த்து வாடகைக்கு எடுக்கும் வசதி இருக்கவில்லை.

இலங்கை மண்ணிலேயே ஸ்டூடியோ வேண்டும் என்னும் ஆசை இந்த அலைச்சலிலிருந்தே எழுந்தது. சிரிசேன விமலவீர கிரிபத்கொடையில் நவஜீவன ஸ்டூடியோவை நிறுவினார். நாயகம் கந்தானையில் ஒன்றை அமைத்தார். படமாளிகைகளை நடத்தியும் இந்தியப் படங்களை இறக்குமதி செய்தும் செல்வம் ஈட்டிய குணரத்தினம், 1953ஆம் ஆண்டில் டி. சோமசேகரனின் இயக்கத்தில் 'சுஜாதா'வைத் தயாரித்துப் பெருவெற்றி கண்டபின், ஹெந்தளையிலே தமது ஸ்டூடியோவை எழுப்பியது இந்த வரிசையில் மிக முக்கியமான நிகழ்ச்சியாகும். கொழும்பு வெள்ளவத்தைப் பிளாசாவிலும் கொட்டாஞ்சேனைக் கெயிட்டியிலும் படம் பார்த்தோர், திரையில் தாங்கள் கண்ட மாளிகை தங்கள் ஊரிலிருந்து பஸ் ஏறிப் போகக்கூடிய தூரத்தில் நின்றதாக முதன்முறையாகச் சொல்லிக்கொள்ளும் பாக்கியத்தைப் பெற்றனர்.

ஸ்டூடியோத் தளத்தில் ஒரு வீட்டைக் கட்டும் முறையைச் சிறிது விரிவாகக் கூறுவது அவசியமாகின்றது. ஏனெனில் அத்தொழிலின் பெருமையும் அதன் எல்லையும் அந்த முறைக்குள்ளேயே அடங்கியிருக்கின்றன. கதையைக் கேட்டபின் கலை இயக்குநர் முதலில் தரைப்படம் வரைவார். பின்னர் ஒவ்வொரு சுவருக்கும் முகப்புப் படம் வரைவார். பெரிய படமாயின் அட்டையில் ஒரு சிறு மாதிரியும் செய்து இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் காட்டுவார். சுவர் என்பது மரச்சட்டத்தின்மேல் கன்வஸ் துணியையோ ஒட்டுப்பலகையையோ அறைந்து வர்ணம் பூசிய தட்டியே. தூண்களும் போதிகைகளும் சாந்தில் வார்க்கப்பட்டவை. மூன்று சுவர்களே நிற்கும். நான்காவது வேண்டியபோது பொருத்தி வேண்டாதபோது கழற்றக் கூடியதாக இருக்கும். அவ்விடத்தில்தான் காமெரா நிற்கும். கூரை இராது. மேலே பலகை நடைபாதைகளில் நிற்கும் விளக்குக்காரர் கீழே ஒளி பாய்ச்ச வேண்டியிருந்தமையால், அக்காலப் படங்களில் கூரையை நிமிர்ந்து பார்க்கும் காட்சி ஒன்றேனும் அகப்படுவது அருமை. ஜன்னலுக்கு வெளியே தெரியும் தென்னைமரமும் வானமும் துணியில் எழுதியவை. அவற்றை எழுதியவனின் கை, டவர் மண்டபக் காலத்துச் சீன் எழுதியவனின் கையின் நேர் வாரிசு.

கறுப்பு வெள்ளைப் படமாதலால் வர்ணத்தின் கணக்கும் வேறு. சுவருக்கு வெள்ளை பூசினால் விளக்கொளியில் அது கொதித்து நடிகையின் முகத்தை விழுங்கிவிடும். ஆகவே மங்கிய நீலமும் பழுப்பும் சாம்பலும் பூசி, அவை சுருளில் எந்த அளவு கருமையாக விழும் என்பதை அநுபவத்தால் அறிந்தே நிறம் கலந்தனர். நேரில் பார்ப்பவனுக்கு அருவருப்பாகத் தோன்றும் நிறச் சேர்க்கை திரையில் கண்ணியமான மாளிகையாக விளங்கும். இக்கணக்கு எந்தப் பாடப்புத்தகத்திலும் கிடைப்பதன்று. மூத்த வர்ணக்காரனோடு பல வருஷம் வாளி சுமந்தவனுக்கே கைவருவது. அன்றியும் கடற்கரையை ஒட்டிய ஹெந்தளையின் ஈரக் காற்றில், அதிலும் பருவமழைக் காலத்தில், சாந்து உலர்வதும் கன்வஸ் இறுகி நிற்பதும் மதுரை வெயிலில் போல் நடைபெறா. தச்சு பாஸும் மேசன் பாஸும், அதாவது கொழும்பு வட்டாரத்தில் எல்லாச் சாதி மதத்தாரும் அவ்வாறு அழைக்கும் கைவினைத் தலைவர்கள், தேவாலயத் திருவிழாச் சப்பரமும் வெசாக் தோரணமும் கட்டிப் பழகியவர்களாதலால், விரைவில் எழுப்பி விரைவில் அவிழ்க்கும் அலங்காரம் அவர்களுக்குப் புதிதன்று என்பது மாத்திரம் ஓர் அநுகூலம்.

ஆகவே ஹெந்தளைத் தளம் ஒரு பாடசாலையாகவும் இருந்தது. எந்தக் கலாசாலையிலும் சேராத இளைஞன் ஒருவன் எடுபிடியாக உள்ளே நுழைந்து, வர்ணக்காரனாகி, உதவிக் கலை இயக்குநராகி, நாளடைவில் தன் பெயரைத் திரையில் காணும் நிலைக்கு ஏறக்கூடிய ஏணி அங்கே இருந்தது. அவ்வேணியில் சிங்களவரும் தமிழரும் முஸ்லிம்களும் ஒன்றாக ஏறினர். சங்கீதத்தில் ஆர். முத்துசாமியும் எம். கே. ரொக்சாமியும், ஒளிப்பதிவில் எம். எஸ். ஆனந்தனும், இயக்கத்தில் லெனின் மொராயஸும் கே. வெங்கட்டும் என்று சிங்களத் திரைப்படத்தின் தொழிற்கூடமெங்கும் தமிழர் பரவியிருந்த காலம் அது; ஸ்டூடியோவின் கதவுக்குள்ளே பாஷைச் சட்டங்களைக் காட்டிலும் வேலைத் திறமைக்கே மதிப்பு இருந்தது என்று கூறுவது மிகையாகாது.

ஆயினும் தளம் இலங்கைக்கு வந்துவிட்டமையால் சுவரும் இலங்கைச் சுவராகிவிட்டது என்று கொள்ளுதல் தவறு. அக்காலச் சிங்கள விமர்சகர்கள் தங்கள் படங்கள் தென்னிந்தியப் படங்களின் நகல்கள் என்று கதையையும் பாட்டையும் எடுத்துக்காட்டி இடைவிடாது கண்டித்தனர். நகலின் மூன்றாவது உறுப்பாகிய வீட்டை அவர்கள் அத்துணை உற்றுநோக்கவில்லை. வளைந்து இறங்கும் மாடிப்படி, அதன் அடியில் பெரிய பியானோ, சுவரில் மான்கொம்பு என்று அமைந்த அந்தப் பணக்கார வீடு சேலத்திலும் இல்லை, கொழும்பிலும் இல்லை. அது ஸ்டூடியோவுக்கே உரிய ஒரு தேசத்தைச் சேர்ந்தது. கறுவாத்தோட்டத்துப் பங்களாவின் அகன்ற விறாந்தையும், கிராமத்து மண்வீட்டின் தாழ்ந்த இறவாணமும், அரைவட்ட ஓட்டுக் கூரையின் நிழலும் தளத்துக்குள் வருவதற்கு விளக்கின் விதி இடங்கொடுக்கவில்லை. தாழ்ந்த கூரைக்கும் மேலிருந்து பாயும் விளக்குக்கும் ஜன்மப் பகை. குற்றம் கலைஞனுடையதன்று, தளத்தினுடையது என்று நான் கருதுவதற்கு இதுவே காரணம்.

இவ்விதியை முறித்தது 1956ஆம் ஆண்டு டிசம்பரில் வெளிவந்த 'ரேகாவ'. அரசாங்கத் திரைப்படப் பிரிவிலிருந்து வெளியேறிய லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸும், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக்கும், தொகுப்பாளர் டைட்டஸ் டி சில்வாவும், காமெராவைத் தூக்கிக்கொண்டு கிராமத்துக்கே போய், உண்மையான வயலையும் வாய்க்காலையும் வெயிலிலேயே படம் பிடித்தனர். அடுத்த ஆண்டில் அப்படம் கான் விழாவுக்குச் சென்றது; உள்ளூர்ப் படமாளிகைகளில் நஷ்டத்தைக் கண்டது. அவ்வியக்குநரைத் தமது அடுத்த படத்துக்கு அழைத்தவர் வேறு யாருமல்லர், ஹெந்தளை ஸ்டூடியோ அதிபராகிய குணரத்தினமே! சுவர் கட்டுவதில் பணம் போட்ட முதலாளி, சுவரை வெறுத்த இயக்குநரிடம் போர்த்துக்கேயர் காலத்துச் சரித்திரக் கதை ஒன்றை ஒப்படைத்தார். 1960ஆம் ஆண்டில் வெளிவந்த 'சந்தேசய' என்னும் அப்படம் மக்களிடையே நல்ல வரவேற்பைப் பெற்றது. கிராமத்தை அப்படியே படம் பிடித்துவிடலாம். பதினாறாம் நூற்றாண்டை அவ்விதம் பிடிக்க முடியாது. அங்கே ஆயுதமும் உடையும் கோட்டையும் ஒருவன் கையால் செய்யப்பட்டே ஆக வேண்டும். வெளிப்புறப் படப்பிடிப்பு கலை இயக்குநரை வேலையற்றவனாக்கிவிடும் என்று அஞ்சியோருக்கு இதுவே தக்க விடையாக அமைந்தது.

1963ஆம் ஆண்டின் 'கம்பெரலிய'வில் அவ்வேலையின் தன்மையே மாறிற்று. மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவலில் வரும் தென்மாகாண வளவு என்னும் பிரபுக் குடும்ப மாளிகையைத் தளத்தில் கட்டாமல், பலப்பிட்டியில் உண்மையாகவே நின்ற ஒரு பழைய மாளிகைக்குள் படக்குழு புகுந்தது. அங்கே கட்டுவதற்கு ஒன்றுமில்லை. ஆயினும் எந்த நாற்காலியை வைப்பது, எதை அகற்றுவது, எந்தக் கதவைத் திறந்து எதைச் சாத்துவது, குடும்பம் க்ஷீணிக்கும்போது வீட்டில் எது முதலில் காணாமற்போவது என்பவற்றைத் தீர்மானிப்பதற்கு, கட்டுகிறவனுக்கு வேண்டியதிலும் கூர்மையான ஒரு கண் வேண்டியிருந்தது. 1965ஆம் ஆண்டில் புதுடில்லி விழாவில் அப்படம் தங்க மயில் விருதைப் பெற்றபின், இலங்கையில் நல்ல படம் என்றால் உண்மை வீட்டில் எடுத்த படம் என்னும் அபிப்பிராயம் வேரூன்றிற்று. ஹெந்தளைத் தளம் வர்த்தகப் படங்களுக்கு உரியதாக ஒதுங்கிற்று.

இதற்கிடையே முற்றிலும் வேறான ஒரு நிர்மாணம் களனி கங்கையின் மேல்வழியே நடந்தேறியது. டேவிட் லீன் 1957ஆம் ஆண்டில் முடித்த 'குவாய் நதிப் பாலம்' என்னும் படத்துக்காக, கலை இயக்குநர் டொனால்ட் ஆஷ்டனின் திட்டத்தின்படி, கித்துல்கலையில் 425 அடி நீளமுள்ள மரப்பாலம் ஒன்று உண்மையாகவே ஆற்றின் குறுக்கே கட்டப்பட்டது. யானைகள் மரம் இழுத்தன. பாலத்தின்மீது ரயில் ஓடியது. வெடிவைத்துத் தகர்த்தபோது பிரதமர் பண்டாரநாயக்க அதை நேரில் கண்டார். அதே கங்கையின் முகத்துவாரத்தில் கன்வஸ் தூண்களை நிறுத்திக்கொண்டிருந்த தொழிலுக்கும் இதற்கும் இருந்த வேற்றுமை பணத்தினால் மாத்திரம் ஏற்பட்டதன்று. இடிப்பதற்கென்றே உறுதியாகக் கட்டுவது என்னும் மனோபாவம் இத்தீவின் கைவினைஞருக்கு அன்று முதன்முறையாக அறிமுகமாயிற்று. அயல்நாட்டுப் படத்துக்கு இத்தீவு வேறொரு தேசமாக வேஷம் போடலாம் என்பதும் அன்றே தெரிந்தது. அக்கதையின் ஆறு தாய்லாந்தில் அல்லவா ஓடுகின்றது?

இலங்கைத் தமிழ்ப்படத்தின் கதை தனியே கூறத்தக்கது. 1962ஆம் ஆண்டில் 16 மில்லிமீற்றரில் வந்த 'சமுதாயம்', அடுத்த ஆண்டில் வந்த 'தோட்டக்காரி' ஆகியவற்றிலிருந்து தொடங்கும் அந்த வரிசை, அருகேயிருந்த தமிழ்நாட்டுப் படங்களின் பகட்டோடு போட்டியிட வேண்டிய துர்ப்பாக்கியத்தில் பிறந்தது. சென்னைத் தளத்தின் மாடிப்படியை ஹெந்தளையில் கட்டிக் காட்டினால் ரசிகன் நகைப்பான். கட்டாமல் விட்டாலோ படம் ஏழைப் படம் என்பான். இந்தத் தர்மசங்கடத்திலிருந்து தப்பும் மார்க்கத்தைக் காட்டியது 1972ஆம் ஆண்டில் வந்த 'குத்துவிளக்கு'. அதைத் தயாரித்த வி. எஸ். துரைராஜா தொழிலால் ஒரு கட்டடக் கலைஞர் என்பது தற்செயலாயினும் மிகப் பொருத்தமான தற்செயல். வீடு கட்டத் தெரிந்த அவர், டபிள்யூ. எஸ். மகேந்திரனின் இயக்கத்தில், வீட்டைக் கட்டாமல் யாழ்ப்பாணத்துக் கிராமத்தையே படத்துக்குள் கொண்டுவந்தார். பனையோலை வேலியும், கிணற்றுத் துலாவும், நாற்சார் வீட்டு முற்றமும் தமிழ்ப்படத்தில் சுயமாகத் தோன்றியபோது, அவற்றைச் செயற்கையாகச் செய்து காட்டும் திறமை சென்னைக்கும் இருக்கவில்லை. 1977ஆம் ஆண்டில் காவலூர் இராஜதுரையின் கதைவசனத்தில் தர்மசேன பத்திராஜ இயக்கிய 'பொன்மணி'யும், மறு ஆண்டில் செங்கை ஆழியானின் நாவலிலிருந்து வந்த 'வாடைக்காற்று'ம் இவ்வழியிலேயே சென்றன. வியாபாரத்தில் அவை வென்றதில்லை. காட்சி விஷயத்தில், என் மதிப்பீட்டிலே, அந்தப் பத்தாண்டில் கொழும்புத் தளங்களில் எடுக்கப்பட்ட பெரும்பாலான படங்களைக் காட்டிலும் அவை உயர்ந்து நிற்கின்றன.

1972ஆம் ஆண்டில் அரசு திரைப்படக் கூட்டுத்தாபனத்தை அமைத்து இறக்குமதியையும் விநியோகத்தையும் தன் கைக்குள் கொண்டுவந்தபின் தனியார் ஸ்டூடியோக்களின் பலம் குன்றத் தொடங்கிற்று. எனினும் அவற்றுக்கு முடிவைக் கொண்டுவந்தது அக்கொள்கையன்று. 1983ஆம் ஆண்டு ஜூலையில் தமிழர்மீது கட்டவிழ்த்துவிடப்பட்ட கொலையிலும் கொள்ளையிலும், ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ தீக்கிரையாயிற்று. அங்கே பாதுகாக்கப்பட்டிருந்த படச்சுருள்களும் எரிந்தன. அவற்றுள் பெரும்பாலானவை சிங்களப் படங்கள் என்பது அத்தீயை மூட்டியவர்களின் எண்ணத்தில் இடம்பெற்றிராது. இயக்குநர் கே. வெங்கட் அந்நாட்களிலேயே கொல்லப்பட்டார். குணரத்தினம் பின்னும் சில ஆண்டுகள் தொழில்களை நடத்தி, 1989ஆம் ஆண்டின் வன்முறைக் காலத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

எரிந்த சுருளைப் பற்றிப் பலரும் எழுதியிருக்கின்றனர். எரிந்த தளத்தோடு போனது இன்னொன்று: வாளி சுமந்தவன் கலை இயக்குநராவதற்கு இருந்த ஏணி. தமிழ்நாட்டோடு ஒப்பிட்டால் இந்நஷ்டத்தின் அளவு விளங்கும். அங்கே தோட்டா தரணி தம் தந்தை வெங்கடேஸ்வர ராவிடமிருந்து தொழிலைப் பெற்றார்; 1987ஆம் ஆண்டின் 'நாயக'னுக்காகப் பம்பாய்த் தாராவியைச் சென்னை ஸ்டூடியோ ஒன்றுக்குள் எழுப்பித் தேசிய விருது பெற்றார். பூம்புகாரில் பிறந்து சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்ற பி. கிருஷ்ணமூர்த்தி, ஜி. வி. ஐயரின் 'ஹம்ஸகீதே'யில் தொடங்கி, 'ஒரு வடக்கன் வீரகாதா', 'பாரதி' முதலிய படங்களால் ஐந்து தேசிய விருதுகளை அடைந்தார். ஒருவர் குலவித்தையாலும் மற்றவர் கலாசாலையாலும் உயர்ந்தனர் எனினும், இருவருக்கும் பின்னால் ஓயாது இயங்கிய தளங்கள் இருந்தன. அதே ஆண்டுகளில் கொழும்புத் தமிழ் இளைஞனுக்குத் தளமும் இல்லை. தமிழ்ப்படமும் ஏறக்குறைய நின்றுவிட்டது.

எஞ்சிய வழி கித்துல்கலையில் திறந்த வழியே. 1983ஆம் ஆண்டின் முற்பாதியில், ஜூலைக்குச் சில மாதங்கள் முன்னதாக, ஸ்பீல்பெர்க்கின் 'இந்தியானா ஜோன்ஸ்' வரிசையின் இரண்டாவது படத்துக்கு வட இந்தியக் கிராமம் ஒன்று கண்டிப் பகுதியில் எழுப்பப்பட்டது. எலியட் ஸ்கொட் நிர்மாணித்த அப்படத்தின் தொங்குபாலத்தைக் கட்டியவர்கள் அப்போது விக்டோரியா அணைக்கட்டில் வேலை செய்துகொண்டிருந்த பொறியியலாளர்கள். தமிழராகிய சந்திரன் இரத்தினம் இத்தகைய அயல்நாட்டுக் குழுக்களுக்கு இடமும் ஆளும் பொருளும் சேர்த்துக் கொடுப்பதையே ஒரு தொழிலாக வளர்த்தார். கலை இயக்குநர் வரைந்த படத்தை உள்ளூர்க் கைகளால் நிறைவேற்றும் மேற்பார்வையாளர் என்னும் புதிய பதவி இவ்வாறு தோன்றிற்று. சம்பளம் அதிகம், வேலை தொடர்ச்சியானதன்று, மனம் வேறொருவருடையது.

2000ஆம் ஆண்டில் தீபா மேத்தாவின் 'வாட்டர்' படத்துக்காகக் காசியில் அமைத்த காட்சிகளை எதிர்ப்பாளர்கள் கங்கையில் எறிந்துவிட, அவர் சில ஆண்டுகள் கழித்து இலங்கைக்கு வந்தார்; போல்கொடை ஏரிக்கரையில், அவர் சகோதரர் திலீப் மேத்தாவின் நிர்மாணத்தில், காசியின் படித்துறைகள் எழுந்தன. அதற்குமுன் 2002ஆம் ஆண்டில் வந்த 'கன்னத்தில் முத்தமிட்டா'லில் மணிரத்தினத்துக்காக சாபு சிரில் ஈழத்தின் போர்க்களத்தை இந்திய மண்ணில் எழுப்பியிருந்தார். ஆக, காசி மேற்கு மாகாணத்திலும் வன்னி இந்தியாவிலும் நின்றன. கதை நிகழும் நாட்டில் கதையைப் படமாக்க இயலாமையே இரண்டுக்கும் காரணம். 'மிட்நைட்ஸ் சில்ட்ரன்' படத்துக்காகக் கொழும்பின் தெருக்கள் பம்பாயாகவும் கராச்சியாகவும் மாறின. இத்தனை வேஷங்களிலும் கொழும்பு தன் சொந்த வேஷத்தைப் போட்டது அரிதாகவே.

அவ்வரிய சந்தர்ப்பம் ஷியாம் செல்வதுரையின் நாவலைத் தழுவி அதே தீபா மேத்தா 2020ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பன்னி போய்' படத்தில் வாய்த்தது. ஒரு தமிழ்க் குடும்பத்தின் வீடு 1983 ஜூலையில் எரிவதை அப்படம் கொழும்பிலேயே காட்டுகின்றது. 1960இல் 'சந்தேசய' போர்த்துக்கேயரின் காலத்தைச் செய்ய வேண்டியிருந்ததைப்போல, இப்போது 1983ஐச் செய்ய வேண்டியதாயிற்று: அவ்வாண்டின் மோட்டார்கள், கடைப் பெயர்ப்பலகைகள், மின்கம்பிகள், வரவேற்பறை வானொலிப் பெட்டி ஒவ்வொன்றும் தேடிப் பிடிக்க வேண்டிய சரித்திரப் பொருளாகிவிட்டது. தளம் இல்லாத நகரத்தில் அவற்றைச் சேமித்து வைக்கும் பண்டகசாலையும் இராதாகையால், ஒவ்வொரு படமும் அவற்றை வீடுவீடாகச் சென்று இரவல் வாங்கியே தொடங்குகின்றது.